வரலாற்றுத் திரைப்படத்தின் ஒலியும் மன்னார்க் கரையின் குரலும்

1

தமிழிலே திரைப்பட விமர்சனம் என்பது பெரும்பாலும் கதை விமர்சனமாகவே இருந்து வந்துள்ளது. பாத்திரங்களின் அமைப்பு, வசனத்தின் தரம், நடிப்பு, சிலவேளைகளில் ஒளிப்பதிவு ஆகியன பற்றி நம் விமர்சகர்கள் எழுதியுள்ளனர். பாடல்களைப் பற்றியும் எழுதியுள்ளனர். ஆயின் பாடலை அதன் சொற்களாக மட்டுமே கொண்டு, அச்சிட்ட கவிதையை ஆராய்வதுபோல ஆராய்ந்துள்ளனர். திரையரங்கில் அமர்ந்திருப்போன் இரண்டரை மணி நேரமாகக் கேட்டுக்கொண்டிருக்கும் பேச்சு, இசை, இயற்கை ஓசை, மௌனம் ஆகிய அனைத்தையும் ஒரே அமைப்பாகக் கொண்டு நோக்கும் முயற்சி அருமையாகவே நிகழ்ந்துள்ளது.

வரலாற்று நாடகப் படங்களைப் பொறுத்தவரையில் இக்குறை பெரிது. கடந்த காலத்தின் கட்டடங்கள், சிற்பங்கள், நாணயங்கள், கல்வெட்டுகள் என்பன எஞ்சியுள்ளன. அவற்றைத் துணைக்கொண்டு மாளிகையையும் அணிகலனையும் ஓரளவுக்கு மீட்டமைக்கலாம். கடந்த காலத்தின் ஒலியோ எஞ்சவில்லை. அதனை ஒவ்வொரு படமும் புதிதாகவே ஆக்கவேண்டியுள்ளது. எதனைக் கேட்கச் செய்வது, எதனைக் கேளாமல் விடுவது என்ற தெரிவு முழுவதும் படைப்போரின் கையிலேயே இருக்கின்றது. ஆதலால் ஒரு படம் தன் கருத்துநிலையைக் காட்சியில் மறைத்துக்கொண்டாலும் ஒலியிலே மறைத்துக்கொள்வது கடினம். வரலாற்றில் யாருக்குக் குரல் உண்டு என அப்படம் கருதுகின்றது என்பதை அதன் ஒலியமைப்புச் சொல்லிவிடுகின்றது.

மணிரத்தினத்தின் இயக்கத்தில் 2022 செப்டெம்பரிலும் 2023 ஏப்பிரலிலும் இரு பாகங்களாக வெளிவந்த 'பொன்னியின் செல்வன்' படத்தின் ஒலியையும் இசையையும் இக்கட்டுரை மன்னார்க் கரையினின்று நோக்குகின்றது. இந்த நோக்குநிலைக்குக் காரணம் உண்டு. கல்கி 1950 முதல் 1954 வரை தொடராக எழுதிய மூல நாவலின் இரண்டாம் பாகமாகிய 'சுழற்காற்று' பெரும்பகுதி ஈழத்திலே நிகழ்கின்றது. மாதோட்டம் அங்கே சோழப் படையின் தளமாக வருகின்றது. நாவலின் கற்பனைக்குப் புறம்பாகவும் அவ்வூருக்குச் சோழர் வரலாற்றில் உறுதியான இடமுண்டு. சம்பந்தரும் சுந்தரரும் பாடிய திருக்கேதீச்சரம் அமைந்த அத்துறைமுகம், பத்தாம் நூற்றாண்டின் இறுதியில் முதலாம் இராசராசன் வட ஈழத்தைக் கைப்பற்றியதன் பின்னர் இராசராசபுரம் எனப் பெயர் பெற்றது. சோழ மண்டலத்தவனான தாழி குமரன் என்பான் அங்கு இராசராச ஈச்சுரம் என்னும் கோயிலை எடுப்பித்த செய்தியை மாதோட்டத்துக் கல்வெட்டொன்று கூறுகின்றது. படத்தின் நாயகனான அருள்மொழி, பின்னாளில் தன் பெயரையே பொறித்துச் சென்ற கரை இது. அவனைப் பற்றிய படத்தில் இக்கரையின் ஒலி எவ்வாறு கேட்கின்றது என வினவுவது பொருத்தமற்றதன்று.

2

இப்படத்தின் ஒலியை மதிப்பிடுவதற்கு முன்னர், தமிழ் வரலாற்றுப் படங்கள் எவ்வாறு ஒலித்து வந்துள்ளன என்பதைச் சுருக்கமாக நோக்குதல் வேண்டும்.

பி. ஆர். பந்துலுவின் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' (1959) இம்மரபின் உச்சம் எனலாம். ஜி. இராமநாதனின் இசை அப்படத்திற்குச் சிறப்புச் சேர்த்தது. 1960இல் கெய்ரோவில் நடைபெற்ற ஆசிய ஆபிரிக்கத் திரைப்பட விழாவில் சிவாஜி கணேசனின் நடிப்போடு அவ்விசையும் பரிசு பெற்றது. எனினும் மக்கள் நினைவிலே நிலைத்தது சக்தி கிருஷ்ணசாமியின் வசனமேயாகும். அக்காலத்து வரலாற்றுப் படத்தின் ஒலியென்பது, சாரத்தில், மன்னனின் பேச்சொலியாகும். ஏனைய ஓசைகள் அப்பேச்சுக்கு வழிவிட்டு ஒதுங்கி நின்றன. ஏ. பி. நாகராசனின் 'ராஜராஜ சோழன்' (1973) தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமாக அகன்ற திரையைப் பெற்றபோதிலும் அதன் செவி அகலவில்லை. அரு. இராமநாதன் எழுதி டி. கே. எஸ். சகோதரர்கள் மேடையேற்றிய நாடகமே அதன் மூலம். மேடையின் உரத்த பேச்சு திரையிலும் ஆட்சி செலுத்தியது.

இதனைத் தொழில்நுட்பக் குறைபாடென மட்டும் விளக்கிவிட முடியாது. நாடகக் கம்பெனிகளின் மேடை மரபும், திராவிட இயக்கம் வளர்த்த மேடைப்பேச்சுக் கலையும், அடிமைப்பட்டிருந்த சமூகமொன்று தன் பழம்பெருமையைச் சொற்களாலே மீட்டுக்கொள்ள விரும்பிய வரலாற்று நிலையும் அதற்குக் காரணங்களாக அமைந்தன. மன்னனின் வாய்வழியாகப் பேசியது அக்காலத்து அரசியலேயாகும். அவ்வசனத்திற்கு ஒரு முற்போக்கான பங்கு இருந்தது. ஆயினும் அது பேசுவோனையும் கேட்போனையும் நிரந்தரமாகப் பிரித்துவைத்தது. மன்னன் பேசினான், மக்கள் வாழ்க எனக் குரலெழுப்பினர். திரையிலே மக்களுக்கு ஒதுக்கப்பட்ட ஒலி அவ்வளவே.

3

'பொன்னியின் செல்வன்' இம்மரபினின்று தெளிவாக விலகுகின்றது. அதன் முதன்மையான சாதனை இதுவேயெனக் கூறலாம். ஜெயமோகனின் உரையாடல்கள் குறுகியவை; பல இடங்களில் ஓரிரு சொற்களோடு நின்றுவிடுபவை. பேச்சு விட்டுச்சென்ற வெளியை ஆனந்த் கிருஷ்ணமூர்த்தியின் ஒலியமைப்பும் ஏ. ஆர். ரகுமானின் இசையும் நிரப்புகின்றன. குதிரைக் குளம்பு, பாய்மரத்தின் உராய்வு, மண்டபத்துள் எதிரொலிக்கும் காலடி, தொலைவிலே எழும் முரசு ஆகியன வெறும் அலங்காரமாக நில்லாது காட்சியின் இடத்தையும் தூரத்தையும் உணர்த்துகின்றன. 2024 ஓகஸ்டில் அறிவிக்கப்பட்ட எழுபதாவது இந்தியத் தேசியத் திரைப்பட விருதுகளில் முதற்பாகம் சிறந்த ஒலியமைப்பிற்கும் சிறந்த பின்னணி இசைக்கும் பரிசு பெற்றமை இவ்வகையில் தகுதியானதே. தமிழ் வரலாற்றுப் படம் பேச்சிலிருந்து சூழலுக்குப் பெயர்ந்த தருணம் என இதனைக் கொள்ளலாம்.

இசையிலும் ஒரு சிந்தனை தெரிகின்றது. ஆதித்த கரிகாலனின் 'சோழா சோழா' போர்வீரரின் கூட்டுக் களிப்பாக அமைகின்றது. 'ராட்சஸ மாமனே' கம்சன் கதையைக் கூத்தாக்கி, அரசகுலப் பெண்டிர் பார்த்திருக்க, வந்தியத்தேவனை முகமூடியோடு ஆடவைக்கின்றது. 'தேவராளன் ஆட்டம்' வெறியாட்டின் வேகத்தைத் தோற்கருவிகளின் மேல் ஏற்றுகின்றது. வந்தியத்தேவனின் பயணத்தோடு ஆற்றையும் அதன் கரை ஊர்களையும் அறிமுகஞ்செய்யும் 'பொன்னி நதி' அந்நிலத்தின் செழிப்பையே பண்ணாக்குகின்றது. சோழ நாட்டின் அகத்தே ஆறும் அரண்மனையும் பாசறையும் கூத்துக்களமும் தத்தமக்குரிய ஒலியைப் பெற்றுள்ளன.

ஆயின் கதை கடலைக் கடந்து ஈழத்தை அடைந்ததும் இந்நிலை மாறுகின்றது. காடு, விகாரை, போர்க்களம், கடற்கரை, கப்பல் என ஈழம் வந்துபோகின்றது. அவ்விடங்களிலே ஒலிப்பவை போரின் ஓசையும் சமயத்தின் ஓசையும் இயற்கையின் ஓசையுமாகும். அந்நிலத்திலே வாழ்ந்து உழைத்த மக்களின் ஓசையைத் தேடினால் கிடைப்பது மிகச் சிறிது. காவிரிக் கரைக்கு ஒரு பண் உண்டு. மாதோட்டக் கரைக்கு இல்லை.

4

படத்திலே கடற்கரை மாந்தராக நாம் சந்திப்பவர் இருவர். ஒருத்தி ஓடம் செலுத்தும் பூங்குழலி. மற்றையவள் ஊமைராணியாகிய மந்தாகினி. இவ்விருவரின் ஒலியையும் நுணுகி நோக்கினால் நம் வினாவுக்கு விடை கிடைக்கும்.

பூங்குழலி வந்தியத்தேவனை ஈழத்திற்குக் கொண்டுசெல்லும் பயணத்தோடு இணைந்தது 'அலைகடல்' என்னும் பாடல். கல்கி தம் நாவலில் அவளுக்கு எழுதிய பாட்டை விடுத்து, சிவா ஆனந்த் புதிதாக இயற்ற, அந்தரா நந்தி பாடியுள்ளார். தனித்தொலிக்கும் ஒரு பெண் குரலைச் சுற்றிப் பரந்த வெறுமையை அமைத்து, கடலையும் மனத்தையும் ஒன்றாக்கும் அப்பாடல் அழகியல் நோக்கில் படத்தின் சிறந்த பகுதிகளுள் ஒன்று. இருப்பினும் அது உழைப்பிலிருந்து பிரிக்கப்பட்ட பாடல். துடுப்பின் எடையோ, பாயைத் திருப்பும் கையின் முயற்சியோ அதன் தாளத்தைத் தீர்மானிக்கவில்லை. கடலோடியின் பாடல் இங்கே கடலைப் பார்த்திருக்கும் ஒருத்தியின் தனிமைப் பாடலாக உருமாறிவிடுகின்றது.

மன்னார் முதலாகிய தமிழ்க் கரையோரங்களில் வழங்கிய அம்பாப் பாடலின் அமைப்பு இதற்கு நேர்மாறானது. கரைவலை இழுக்கும்போதும் தண்டு வலிக்கும்போதும் ஒருவர் முதலடியை எடுக்க, ஏனையோர் ஒருமித்துப் பதிலிறுப்பர். பதிலின் முதலசையிலே அனைவரின் கைகளும் ஒருங்கே கயிற்றை இழுக்கும். மூச்சு வாங்கும் இடமே அடியின் இடைவெளி. வலையின் பாரமே பாட்டின் விரைவு. தலைவனது எடுப்புக் குரலிலே சம்மாட்டியைப் பற்றிய கேலியும் கடவுளை நோக்கிய வேண்டுதலும் அடுத்தடுத்து வந்து புகும். பாட்டும் வேலையும் ஒன்றையொன்று நடத்துகின்றன. கடலிலே தனிமை உண்டு என்பதை மறுப்பாரில்லை; எனினும் கடலோடிகள் அத்தனிமையை எதிர்கொள்ளக் கண்ட வழி கூட்டுக் குரலாகும். இதனை அறிந்த ஒலியமைப்பாளர் ஒருவர் பூங்குழலியின் தனிக்குரலுக்குப் பின்னே, வேறு தோணிகளிலிருந்து வரும் தொலைவான பதிற்குரலை வைத்திருக்கக்கூடும். அப்போது அவள் காவிய நாயகியாக மட்டும் நில்லாது ஒரு சமூகத்தின் மகளாகவும் நின்றிருப்பாள்.

காற்றுக்கும் இது பொருந்தும். வாடை, கொண்டல், சோளகம், கச்சான் எனத் திசைக்கும் பருவத்திற்கும் ஏற்பக் காற்றுகளைப் பெயரிட்டு வேறுபடுத்துவோர் ஈழத்துக் கரையோர மக்கள். பனையோலையின் சலசலப்பு மாறும் விதத்தைக் கொண்டே தோணி இறக்கலாமா என அறிவோர் அவர்கள். ஆதாம் பாலத்தின் மணற்றிட்டுகளை அடுத்த ஆழங்குறைந்த நீரிலே கோலூன்றிச் செல்லும் வள்ளத்தின் ஓசை, ஆழ்கடலில் அலையறையும் கப்பலின் ஓசையன்று. படத்திலே கடல் என்பது பெரும்பாலும் புயற்கடலாகவே பேரொலி எழுப்புகின்றது. வரலாற்றுக் காவியத்திற்குப் புயல் தேவை என்பது உண்மைதான். ஆனால் மக்களின் அன்றாட வாழ்வு நிகழ்வது புயலில்லாத நாள்களிலேயாகும்.

மந்தாகினியின் நிலை இன்னும் ஆழமான பொருளுடையது. பிறவியிலேயே ஊமையாகக் கல்கி படைத்த அப்பாத்திரம் கரையர் மகள். அரசனால் விரும்பப்பட்டு, அரசியலால் கைவிடப்பட்டு, அரச குமாரனைத் திரும்பத் திரும்பக் காப்பாற்றி, இறுதியில் அரசனுக்காகவே உயிர்துறப்பவள். அவள் தோன்றுமிடங்களில் அவளுக்காக இசை பேசுகின்றது. முதற்பாகத்தின் இறுதியில், கப்பல் அழிந்து அருள்மொழி கடலுள் மூழ்கும்போது, அவனைத் தேடி நீருள் இறங்கும் அவளது உருவத்தோடு படம் முடிகின்றது. காவியத்தைத் தன் உழைப்பால் தாங்கிநிற்கும் கரையின் மகளுக்குக் காவியத்திலே சொல் இல்லை. கல்கி இதனைக் கதைத் திருப்பமாகவே கருதியிருக்கலாம். ஆயினும் ஒலி வழியாக நோக்குகையில் இது ஒரு குறியீடாகிவிடுகின்றது: அரசகுலத்தின் வரலாறு எழுதப்படும்போது கடலோர மக்களுக்குக் கிடைத்த இடம் இதுவேயாகும்.

நீருள் மூழ்குதல் என்னும் செயல் மன்னார்க் கரையோர்க்கு அந்நியமானதன்று. பாக்குநீரிணைக்குத் தெற்கே, மன்னார் வளைகுடாவில் அரிப்பு, கொண்டாச்சி, சிலாவத்துறை, மரிச்சுக்கட்டி ஆகிய இடங்களை அடுத்த கடலில் நூற்றாண்டுகளாக முத்துக்குளிப்பு நடைபெற்று வந்தது. 1803இல் வெளியான தமது நூலிலே றொபேட் பேர்சிவல் அதன் நடைமுறையை விவரித்துள்ளார். இரவு பத்து மணியளவில் அரிப்பிலே பீரங்கியொன்று வெடிக்கும். தரைக்காற்றின் துணையோடு தோணிகள் யாவும் ஒருங்கே புறப்படும். ஒவ்வொரு தோணியிலும் குளிகாரர் பதின்மர். ஐவர் மூழ்க, ஐவர் ஓய்வர். கல்லைக் காலிற் கொண்டு இறங்கியோன் மேலெழ விரும்பும்போது கயிற்றை அசைத்துச் சைகை செய்வான். சுறாவின் வாயைக் கட்டுவதாக நம்பப்பட்ட கடற்கட்டிகள் கரையிலே நின்று, குளிகாரர் திரும்பும்வரை மந்திரத்தை முணுமுணுத்துக்கொண்டிருப்பர். 1906இல் மரிச்சுக்கட்டிச் சலாபத்திலே அதிகாரியாகக் கடமையாற்றிய லெனாட் வூல்ஃப், அங்கு இறந்துபோன அரேபியக் குளிகாரர் ஒருவருக்காக எழுந்த புலம்பலைத் தம் சுயசரிதையிலே பதிவுசெய்துள்ளார்.

அதிகாரத்தின் ஒலி பீரங்கி. நம்பிக்கையின் ஒலி முணுமுணுப்பு. உழைப்பின் ஒலி நீருக்கடியிலே அடக்கப்பட்ட மூச்சு. இழப்பின் ஒலி புலம்பல். எவரும் திட்டமிடாமலே இச்சமூக அமைப்பு முழுவதும் நான்கு ஓசைகளாகப் பிரிந்து நிற்பதைக் காணலாம். வரலாற்றுப் படத்தின் ஒலியமைப்பென்பது கற்கவேண்டிய பாடம் இத்தகைய பதிவுகளிலே உள்ளது. மூழ்கும் மந்தாகினியின் அடக்கிய மூச்சை இசையால் மூடாது கேட்கவிட்டிருப்பின், அப்படத்தின் இறுதிக் கணம் ஒரு தனிப்பெண்ணின் தியாகத்தைக் கடந்து ஒரு கரையின் வரலாறாக விரிந்திருக்கும்.

5

கற்பனைப் புனைவு ஒன்றிடம் இவ்வாறெல்லாம் எதிர்பார்க்கலாமா என வினவப்படலாம். பத்தாம் நூற்றாண்டின் ஒலியை எவரும் அறியார். அறிந்தாலும் அதனை அப்படியே தருதல் கலையாகாது என்பர். இவ்வாதத்தில் உண்மையுண்டு. சேர்ஜி ஐசன்ஸ்ரைனின் 'அலெக்சாந்தர் நெவ்ஸ்கி' (1938) படத்திற்கு இசையமைத்த புறொக்கோபீவ், பதின்மூன்றாம் நூற்றாண்டின் உண்மையான இசை இன்றைய செவிக்கு அந்நியமாகிவிட்டதெனக் கருதி, அதனைப் பயன்படுத்தாது தாமே புதிதாக இயற்றினார். ஆகவே தொல்பொருள் நிலைப்பட்ட துல்லியம் இங்கு அளவுகோலாகாது. அளவுகோல் வேறு. புறொக்கோபீவின் இசையிலே படையெடுத்து வருவோர் இலத்தீன் செபத்தை இயந்திரம்போல ஓதுகின்றனர். உருசிய மக்களோ சேர்ந்திசையாகப் பாடுகின்றனர். மக்களே வரலாற்றின் கர்த்தாக்கள் என்ற கருத்து அங்கே ஒலியின் வழியாக நிலைநாட்டப்படுகின்றது. யுத்தத்திற்கு முந்திய வேளையின் தேசியப் பிரசாரம் அதிலே கலந்திருப்பினும், மக்களுக்குக் குரல் கொடுக்கும் வடிவப் பிரச்சினையை அப்படம் தீர்க்க முயன்றது.

நமது தீவைப் பற்றியே இன்னுமோர் உதாரணம் உண்டு. பசில் றைற் இயக்கிய 'இலங்கையின் பாடல்' (1934) நாடகப் படமன்று. இலங்கைத் தேயிலைப் பிரசார சபைக்காக, ஜோன் கிறியர்சனின் தயாரிப்பில் உருவான விவரணப் படம். எனினும் கடந்த காலத்தின் குரலை நிகழ்காலக் காட்சியின்மேல் வைத்த முன்னோடிப் படைப்பு அதுவாகும். கண்டி இராச்சியத்திலே ஏறத்தாழ இருபதாண்டுகள் சிறையிருந்த றொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலின் பகுதிகளை லயனல் வென்ட் வாசிக்க, வோல்ற்றர் லீயின் இசை அதனோடு இணைகின்றது. அந்நொக்ஸ் 1679 ஒக்டோபரில் தப்பிவந்து முதன்முதல் விடுதலையை உணர்ந்த இடம் ஒல்லாந்தரின் அரிப்புக் கோட்டை என்பது மன்னார் வரலாறறிந்தோர்க்குத் தெரிந்ததே.

அப்படத்தின் மூன்றாம் பகுதியிலே வணிகத்தின் குரல்கள் ஒலிக்கின்றன. விலைப்பட்டியல், தொலைபேசி, வானொலிச் செய்தி ஆகியன ஒன்றன்மேலொன்றாக அடுக்கப்பட, திரையிலே தொழிலாளர் தேயிலை பறிக்கின்றனர். ஒலியும் காட்சியும் முரண்பட்டு நிற்பதனால் பார்வையாளன் சிந்திக்கத் தூண்டப்படுகின்றான். வணிகத்தின் பணத்தால் எடுக்கப்பட்ட படமே வணிகத்தின் முகத்தைக் காட்டிவிடுகின்றது. ஆயினும் அங்கும் கொழுந்து பறிக்கும் தமிழ்ப் பெண்ணின் குரல் நமக்குக் கேட்பதில்லை. அவள்மேல் ஏறிநிற்பவை பிறர் குரல்களே. 1934இன் தேயிலைத் தொழிலாளியும் 2022இன் மந்தாகினியும் ஒரே மௌனத்தின் இரு வடிவங்கள். தொழில்நுட்பம் எவ்வளவு வளர்ந்தபோதும், நோக்குநிலை மாறாதவரையில் அம்மௌனம் கலைவதில்லை.

6

அவ்வாறாயின், வரலாற்றை மக்களின் குரலால் நிகழ்த்திக் காட்டும் வடிவம் ஏதும் நம்மிடையே இருந்ததுண்டா? அதற்கான விடையை மன்னார்க் கரையே தருகின்றது.

போத்துக்கேயர் 1560இல் மன்னாரிலே கோட்டை கட்டினர்; 1658இல் அது ஒல்லாந்தர் வசமாயிற்று. இக்காலப்பகுதிகளினூடே வேரூன்றிய கத்தோலிக்கம், தமிழ்க் கூத்து மரபோடு இணைந்து ஒரு வளமான நாடக மரபைத் தோற்றுவித்தது. மாதோட்டப் பாங்கு, யாழ்ப்பாணப் பாங்கு எனப் பிரித்துரைக்கப்படும் பாணிகளில் நாடகங்களும் வாசாப்புகளும் எழுந்தன. பேராசிரியர் சு. வித்தியானந்தன் 1960களில் 'எண்டிறீக்கு எம்பரதோர்', 'மூவிராசாக்கள்', 'ஞானசவுந்தரி' முதலியவற்றைப் பதிப்பித்தபோதுதான் இம்மரபு கல்வியுலகின் கவனத்திற்கு வந்தது. இவற்றுட் பல அரசர்களின் கதைகள். அவ்வகையில் வரலாற்று நாடகங்களே. 'எம்பரதோர்' என்பது பேரரசனைக் குறிக்கும் போத்துக்கேயச் சொல்லின் தமிழ் ஒலிவடிவம். தலைப்பிலேயே அக்கரையின் வரலாறு ஒலிக்கின்றது. ஞானசவுந்தரி கதை 1948இல் தமிழகத்திலே திரைப்படமாகவும் வந்தது என்பது இரு கலைகளுக்கும் இடையிலான தொடர்பை நினைவூட்டும்.

இந்நாடகங்களின் ஒலியொழுங்கு கவனிக்கத்தக்கது. அண்ணாவியாரும் மத்தளமும் தாளமும் பிற்பாட்டுக்காரரும் பார்ப்போர் கண்முன்னேயே நிற்பர். இசை எங்கிருந்து வருகின்றது என்பது மறைக்கப்படுவதில்லை. ஒவ்வொரு பாத்திரமும் தனக்குரிய வரவுப் பாட்டோடும் தாளக்கட்டோடுமே களத்துட் புகும். அரசன் யார், மந்திரி யார், கட்டியகாரன் யார் என்பதைக் கண் அறியுமுன்னர் செவி அறிந்துவிடும். அரசன் பாடிய அடியைப் பிற்பாட்டுக்காரர் திருப்பிப் பாடுவர். மன்னனின் சொல் மக்களின் வாய்வழியாக மீண்டு வந்த பின்னரே நிறைவுபெறும். தெற்கத்திய வரலாற்றுப் படத்தில் மன்னன் பேச மக்கள் வாழ்த்தொலி எழுப்பினர் என்றோம். இங்கோ பகலிலே கடலுக்கும் வயலுக்கும் சென்றுவந்தவனே இரவிலே எம்பரதோராக நின்று பாடுகின்றான்; அவன் அயலவனே அடியை ஏற்றுப் பாடுகின்றான்.

பேசாலையின் உடக்குப்பாஸ் மற்றோர் உதாரணமாகும். பாவைகளை அசைத்துக் கிறிஸ்துவின் பாடுகளை நிகழ்த்திக் காட்டும் இவ்வடிவத்தில், பேசாத பாவைக்கு மனிதக் குரல் உணர்வை ஊட்டுகின்றது. உருவமும் குரலும் வேறுவேறிடத்திருந்து வந்து பார்ப்போரின் மனத்திலே ஒன்றாகின்றன. திரைப்படத்தின் பின்னணிக் குரற்பதிவும் இதே அடிப்படையிலேயே இயங்குகின்றது. ஒலிக்கும் உருவத்திற்குமான உறவைப் பற்றிய அறிவு இக்கரை மீனவர்க்குச் சினிமா வந்து கற்பித்த ஒன்றன்று.

இம்மரபைக் குறையற்றதெனப் போற்றுவதும் தவறாகும். அக்கதைகளிற் பல அரசனையும் தேவாலய அதிகாரத்தையும் வினவாது ஏற்பவை. பெண் பாத்திரங்களை ஆண்களே ஏற்றாடினர். பெண்ணின் சொந்தக் குரல் அங்கும் ஒலிக்கவில்லை. ஆகவே கூத்தை அப்படியே திரையிற் பெயர்த்து வைக்குமாறு எவரும் கோரவேண்டியதில்லை. இசையை உண்டாக்குவோர் காணப்படுதல், அடியைப் பலர் பகிர்தல், தாளம் உடலின் அசைவிலிருந்து பிறத்தல் ஆகிய மூன்று நெறிகளையே நாம் அதனிடமிருந்து பெறவேண்டும்.

சோழர் காலச் சான்றுகளும் இதற்கு இடந்தருகின்றன. தஞ்சைப் பெரிய கோயிலிலே திருப்பதியம் பாடுவதற்கு இராசராசன் நியமித்தோர் ஐம்பதின்மர்: பாடுவோர் 48 பேர், உடுக்கை வாசிப்போன் ஒருவன், கொட்டிமத்தளம் வாசிப்போன் ஒருவன். நாற்பத்தெட்டுக் குரலுக்கு இரண்டே கருவிகள். அக்காலத்துப் பேரிசை, கூட்டுக்குரலையே தலைமையாகக் கொண்டிருந்தது என இதனால் ஊகிக்கலாம். அதே கோயிற் கல்வெட்டுகள் ஊர்களின் வரியிலி நிலங்களைக் கூறுமிடத்தே பறைச்சேரியையும் தீண்டாச்சேரியையும் தனியே குறிக்கின்றன. கோயிலின் கூட்டுக்குரலுக்குள் அச்சேரிகளின் குரல் சேரவில்லை. வரலாற்றுப் படத்திற்கு இசையமைப்போர் இவ்விரு செய்திகளையும் ஒருங்கே எண்ணினால், சோழப் பெருமையின் ஒலியும் அப்பெருமைக்குப் புறத்தே நிறுத்தப்பட்டோரின் ஒலியும் ஒரே படத்தில் முரணி நிற்கும் வாய்ப்பு உண்டாகும்.

7

இவையாவும் பழங்கதை ஆராய்ச்சியல்ல. கரையின் ஒலி அழிந்துகொண்டிருக்கின்றது. எந்திரப் படகு வந்தபின்னர் தண்டு வலிக்கும் பாட்டுக்குத் தேவை இல்லாதொழிந்தது. முத்துச் சலாபம் இருபதாம் நூற்றாண்டிலேயே முடிவுக்கு வந்தது. 1990 ஒக்டோபரிலே வடமாகாண முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றியபோது, எருக்கலம்பிட்டி முதலாகிய ஊர்களின் மக்களும் தம் கரையை விட்டகல நேர்ந்தது. கோயில் மணியும் தேவாலயச் செபமும் பள்ளிவாசற் பாங்கொலியும் அடுத்தடுத்துக் கேட்ட தீவிலே ஒரு குரல் நீண்ட காலம் இல்லாதிருந்தது. 2009இல் முடிவுற்ற போர், அண்ணாவிமாரையும் ஏடுகளையும் சிதறடித்தது. மீண்டு வந்தோர் தம் கலைகளைப் புதுப்பிக்க முயன்றுவருகின்றனர் என்பது நம்பிக்கைக்குரியது.

ஈழத்துத் தமிழ்ச் சினிமா மீனவர் வாழ்வை முற்றாக மறந்ததன்று. செங்கை ஆழியானின் நாவலைத் தழுவி 1978இல் வெளிவந்த 'வாடைக்காற்று' அதற்குச் சான்று. ஆயினும் நம் கடந்த காலத்தை நமது ஒலியோடு கூறும் வரலாற்றுப் படம் இன்னும் எழவில்லை. தமிழகத்தின் பெருந்தயாரிப்புகள் எமக்காக அதனைச் செய்யும் எனக் காத்திருப்பதிற் பயனில்லை. அவற்றின் மூலதனமும் சந்தையும் அரண்மனையின் ஒலியையே கேட்கும். பல்கலைக்கழகங்களின் தமிழ்த்துறைகள் நாடக ஏடுகளைப் பதிப்பித்ததோடு தம் பணி நிறைவுற்றதெனக் கருதாது, அவற்றின் மெட்டுகளையும் தாளக்கட்டுகளையும், அம்பாவையும் ஒப்பாரியையும், காற்றின் பெயர்களை அவை வீசும்போதே ஒலிப்பதிவு செய்தல் வேண்டும். அத்தகைய சேகரமே நாளைய ஒலியமைப்பாளனுக்கு மூலாதாரமாகும்.

'பொன்னியின் செல்வன்' தமிழ் வரலாற்றுப் படத்தை வசனத்தின் ஆட்சியிலிருந்து விடுவித்துச் சூழலின் ஒலியைக் கேட்கச் செய்தது. இது பெரிய முன்னேற்றம். அதனைக் குறைத்து மதிப்பிடலாகாது. அதற்கடுத்த முன்னேற்றம், அச்சூழலிலே உழைத்தோரைக் கேட்கச் செய்வதாகும். இராசராசபுரம் என மன்னன் பெயரிட்ட துறையை மக்கள் தொடர்ந்து மாதோட்டம் என்றே அழைத்து வந்தனர். அரசனின் பெயர் கல்லிலே நின்றுவிட, மக்களின் பெயரே வாயிலே நிலைத்தது. வரலாற்றுப் படத்தின் ஒலி எந்தப் பெயரை உச்சரிக்கப்போகின்றது என்பதே நம் முன்னுள்ள வினா.